ஒற்றைக்கொம்பு கையில் ஒரு கேள்வி

வாடகைக்கு வந்திறங்கிய பிளாஸ்டிக் நாற்காலிகளை அடுக்கிலிருந்து ஒவ்வொன்றாக உருவிச் சுவரோரம் போட்டுக்கொண்டிருந்தவளிடம் கொழுந்தன் மூன்றாவது தடவையாகக் கேட்டான்.

"கடைசியா என்ன சொன்னாரு, அண்ணி?"

"வாயில குழாய் இருந்துச்சு. என்னத்தைச் சொல்வாரு?"

"கண்ணாலயாவது ஏதாவது காட்டியிருப்பாரே."

"கண்ணை மூடிட்டாரு. அதைத்தான் காட்டினாரு."

அவன் கைக்குட்டையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு, அவள் அப்போதுதான் போட்ட நாற்காலியில் உட்கார்ந்தான். எட்டு வருடமாக அண்ணன் வீட்டு வாசலை மிதிக்காதவனுக்குக் கடைசி வார்த்தை மட்டும் வேண்டியிருந்தது. துக்கம் கேட்க வருகிறவர்கள் எல்லோருக்குமே அது வேண்டும். கையோடு கொண்டுபோய் நாலு பேரிடம் சொல்லிப் பெருமூச்சு விடலாம்.

கூடத்தின் நடுவில் கட்டிலில் அவர் கிடந்தார். வெள்ளைச் சட்டை, கழுத்துவரை போர்வை. சுடுகாட்டு வண்டி மூன்று மணிக்கு வரும் என்று சொல்லியிருந்தார்கள். மணி பதினொன்றுதான் ஆகியிருந்தது.

உண்மையில் அவர் ஒன்றும் சொல்லாமல் போகவில்லை. முந்தின நாள் மாலை, ஆஸ்பத்திரியில், அவளைப் பார்த்துக் கண்ணைத் திறந்தார். குளுக்கோஸ் ஏறாத கையை மெதுவாகத் தூக்கி விரலை அவள் பக்கம் நீட்டினார். பிறகு அந்தரத்தில் விரல்களைத் தட்டினார். இருபத்தாறு வருடமாகப் பார்க்கிற விரல்கள். என்ன கேட்கிறார் என்று அவளுக்கு உடனே விளங்கிவிட்டது. நீ போய் லேப்டாப்பைக் கொண்டு வா.

"சாகக் கிடக்கும்போதும் அந்த எழவு வேணுமா உங்களுக்கு? பேசாம படுங்க" என்றாள்.

அவர் மறுபடியும் அவளைக் காட்டி மறுபடியும் தட்டினார். அவள் அந்தக் கையைப் பிடித்துப் போர்வைக்குள் திணித்தாள். பக்கத்துக் கட்டிலுக்கு ஊசி போட்டுக்கொண்டிருந்த நர்ஸ் திரும்பிப் பார்த்துவிட்டுத் தன் வேலையைத் தொடர்ந்தாள். மறுநாள் காலை அவள் முகம் கழுவப் போயிருந்த நேரத்தில் அவர் போய்விட்டார். கல்யாணம் ஆன நாளிலிருந்து அவள் சொன்ன ஒன்றை மறுபேச்சில்லாமல் அவர் கேட்டது அதுதான். பேசாமல் படுத்துவிட்டார்.

இதை யாரிடம் சொல்வது? கொழுந்தனிடமா?

அவர் ஓர் அச்சகத்தில் எழுத்து அடுக்கிப் பக்கம் கட்டுகிற வேலை பார்த்தவர். அங்கே கணினி வந்தபோது மற்றவர்கள் பயந்து ஒதுங்கினார்கள். இவர் மட்டும் அதன் முன்னால் போய் உட்கார்ந்தார். உட்கார்ந்தவர் எழுந்திருக்கவே இல்லை. தமிழையும் கணினியையும் பற்றி யார் என்ன சந்தேகம் கேட்டாலும் சும்மா பதில் சொல்கிற இணையதளம் ஒன்று இருந்தது. பதில் சொல்கிறவர்கள் பத்துப் பன்னிரண்டு பேர். ஒருவருக்குக்கூட அப்பா அம்மா வைத்த பெயர் அங்கே கிடையாது. எழுத்தின் கால், கொம்பு, புள்ளி என்று எதையாவது பிய்த்துத் தங்களுக்குப் பெயராக வைத்துக்கொண்டிருந்தார்கள். இவர் ஒற்றைக்கொம்பு. இன்னொருவர் துணைக்கால். ஒரு பெண், ஆய்தம். கொம்பு முளைத்தவர் என்று அவள் அவர் முதுகுக்குப் பின்னால் சொல்வாள். முன்னாலும் சொல்லியிருக்கிறாள்.

கேள்விகளோ, தலையில் அடித்துக்கொள்ளலாம் போலிருக்கும். நான் அனுப்பின கடிதம் அவருக்குக் கட்டம் கட்டமாகத் தெரிகிறதாம். பழைய கோப்பைத் திறந்தால் எறும்பு ஊர்ந்த மாதிரி இருக்கிறது. பெயர்களை அகர வரிசையில் அடுக்கச் சொன்னால் அம்புஜம் கடைசியில் போய் நிற்கிறாள். ஒவ்வொன்றுக்கும் அவர் 'அன்பரே' என்று ஆரம்பித்து, படம் பிடித்து, சிவப்பு அம்புக்குறி போட்டு, எங்கே அழுத்த வேண்டும், அழுத்தினால் என்ன வரும், வராவிட்டால் என்ன செய்ய வேண்டும் என்று பிள்ளைக்குச் சோறு ஊட்டுகிற மாதிரி எழுதுவார். இரண்டு நாள் கழித்து 'சரியாயிற்றா அன்பரே?' என்று விசாரிப்பு வேறு. பாதிப் பேர் நன்றி சொல்வதில்லை. மீதிப் பேர் அடுத்த கேள்வியோடு வருவார்கள்.

வீட்டில் அவரிடம் எதைக் கேட்டாலும் ஒரே பதில். "தேடிப் பாத்தியா?" கத்தரிக்கோல் எங்கே என்றாலும் அதுதான், மகளை எந்தக் காலேஜில் சேர்ப்பது என்றாலும் அதுதான். மகள் படிக்கிற காலத்தில் ஏதோ ஒரு பாடத்துக்கு உதவி கேட்டபோது, "அங்க போடும்மா, யாராவது சொல்வாங்க" என்றார். போட்டாள். துணைக்கால் என்கிறவர் நாலு பக்கத்துக்குப் பதில் எழுதினார். ஊரார் பிள்ளையை ஊட்டி வளர்த்தால் தன் பிள்ளை தானே வளரும் என்பார்கள். வளரத்தான் செய்தது. வளர்ந்து, வேலை கிடைத்து, வேறு ஊருக்குப் போய்விட்டது.

அவளிடமும் நாளெல்லாம் முகம் தெரியாதவர்கள் கேள்விதான் கேட்கிறார்கள். மருந்துக்கடையில் பதினாறு வருடமாக நிற்கிறாள். சாப்பாட்டுக்கு முன்னாலா, பின்னாலா? பால் குடிக்கலாமா? ரெண்டு பாதியா, ஒரு முழுசா? அவள் பதிலுக்குச் சம்பளம் உண்டு. தனக்கு மிஞ்சித்தான் தானமும் தர்மமும் என்று நினைக்கிறவள். அவரோ தனக்கென்று ஒன்றும் மிச்சம் வைக்காமல், அவளுக்கென்றும் வைக்காமல், பதினாலு வருடம் தர்மம் செய்துவிட்டார்.

அப்படிப்பட்ட மனிதர் விழுந்த இடம்தான் யாருக்கும் புரியவில்லை. மூன்று நாளைக்கு முன்னால், மதியம் ஒன்றரை மணி வெயிலில், பஸ் ஸ்டாப்பில். இஸ்திரி போட்ட சட்டை. பையில் ஒரு சின்ன ஸ்க்ரூடிரைவரும் சுருட்டிக் கட்டின ஒரு ஒயரும். மாதத்துக்கு ஒரு தடவை முடி வெட்டப் போவதைத் தவிர வெளியில் கால் வைக்காதவர் எங்கே கிளம்பினார் என்று கொழுந்தன் ஒரு தடவை கேட்டான், மகள் ஒரு தடவை கேட்டாள். "எவனாவது அன்பருக்கு ஒயர் கழண்டிருக்கும்" என்று அவள் இரண்டு பேருக்கும் சொன்னாள்.

பன்னிரண்டு மணிக்கு வாசலில் இரண்டு பேர் வந்து நின்று வீட்டு எண்ணைப் பார்த்தார்கள், கையிலிருந்த சீட்டைப் பார்த்தார்கள், மறுபடியும் எண்ணைப் பார்த்தார்கள். எழுபது வயதிருக்கும் ஒரு மனிதர், கையில் ஊன்றுகோல். கூட முப்பத்தைந்து வயதுப் பெண் ஒருத்தி. மகள் போய் விசாரித்தாள்.

"இது ஒற்றைக்கொம்பு வீடுதானே?" என்றார் பெரியவர்.

பெரியவர்தான் துணைக்கால். ஒரு பாங்கில் அதிகாரியாக இருந்து ஓய்வு பெற்றவராம். ஊன்றுகோலைப் பார்த்து, பேருக்கேற்ற ஆள்தான் என்று அவள் நினைத்துக்கொண்டாள். அந்தப் பெண் ஆய்தம். இரண்டு பேரும் கட்டிலருகே போய் நின்றார்கள். பதினாலு வருடமாகத் தினமும் பேசிக்கொண்டவர்களாம். அவர் முகத்தை அன்றைக்குத்தான் பார்க்கிறார்கள்.

"ஒல்லியா இருப்பாருன்னு நினைச்சிருந்தேன்" என்றாள் ஆய்தம், தணிந்த குரலில்.

"எழுத்தைப் பாத்தா அப்படித்தான் தோணும்" என்றார் துணைக்கால்.

பக்கத்து நாற்காலிக்காரர்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். மகள் தேநீர் கொண்டுவந்து கொடுத்தாள். துணைக்கால் அதை வாங்கிக்கொண்டு, யாரும் கேட்காமலே, தங்கள் தளத்தில் எல்லோரும் எவ்வளவு வருத்தப்படுகிறார்கள் என்று சொல்ல ஆரம்பித்தார்.

"காலையில உங்க மக விலாசத்தோட போட்ட செய்தியைப் பாத்து இவதான் அங்க எழுதினா, 'ஒற்றைக்கொம்பு காலமானார்'னு. அஞ்சு நிமிஷத்துல பூட்டிட்டாங்க."

"எதைப் பூட்டினாங்க?" என்றாள் அவள்.

"அந்தப் பதிவைத்தாம்மா. அது கேள்வி இல்லையே. கேள்வியா இல்லாத எதையும் அங்க விடறதில்ல. அது விதி. அந்த விதியை எழுதினதே இவருதான்" என்று கட்டிலைக் காட்டினார். "அப்புறம் நான்தான் மாத்தி எழுதினேன். 'ஒற்றைக்கொம்பு காலமானார் என்பது உண்மையா?' அதுக்கு இதுவரைக்கும் நாப்பத்தஞ்சு பதில் வந்திருக்கு."

மகள் முகத்தைத் திருப்பிக்கொண்டு உள்ளே போனாள். பெற்றவளுக்குச் சிரிப்பு வந்தது. எழவு வீட்டில் வீட்டுக்காரியே சிரித்தால் நன்றாக இருக்காது என்று முந்தானையை வாயில் வைத்துக்கொண்டாள். கொழுந்தன் அதை அழுகை என்று நினைத்து அருகில் வந்து, "மனசைத் தேத்திக்குங்க அண்ணி" என்றான்.

துணைக்கால் நாற்காலியை இன்னும் கொஞ்சம் கிட்டே இழுத்துப் போட்டார். அவர் வந்த காரியம் இனிமேல்தான் இருக்கிறது என்று அவளுக்குத் தெரிந்துவிட்டது. மருந்துக்கடையில் போதைக்காக இருமல் மருந்து கேட்டு நிற்கிறவன் கூட்டம் போகட்டும் என்று காத்திருப்பதை அவள் எத்தனையோ பார்த்திருக்கிறாள்.

"இந்த நேரத்துல கேக்கறோமேன்னு தப்பா நினைக்கக் கூடாது" என்றார். "அவர் கையில ஒரு கேள்வி நின்னுபோச்சு."

"கையிலன்னா?"

அவர் விளக்கினார். யாராவது ஒருவர் ஒரு கேள்வியை எடுத்துக்கொண்டால் அதன் அடியில் 'என் கையில்' என்று எழுதிக் கையெழுத்துப் போடுவார். அதற்குப் பிறகு அது அவருடைய கேள்வி. வேறு யாரும் அதில் வாய் வைக்கக் கூடாது. பத்துப் பேர் பத்து விதமாகச் சொல்லிக் கேட்டவரைக் குழப்பாமல் இருக்க அந்த ஏற்பாடு. ஒன்று, எடுத்தவர் பதில் சொல்லி முடிக்க வேண்டும். இல்லாவிட்டால் 'கைவிட்டேன்' என்று எழுத வேண்டும். அதுவரை அது முதல் பக்கத்தில் சிவப்பு நிறத்தில் நிற்கும்.

"பதினாலு வருஷத்துல இந்த விதியை ஒருத்தரும் மீறினதில்லம்மா."

"ஆள்தான் செத்தாச்சே. அப்புறம் என்ன கை?"

"அதைத்தான் காலையிலேர்ந்து பேசிக்கிட்டிருக்கோம்" என்றாள் ஆய்தம், உண்மையான கவலையோடு. "இறந்து போனா கைவிட்டதா எடுத்துக்கலாமான்னு விதியில எங்கயும் இல்ல. சிலர் எடுத்துக்கலாம்கறாங்க. சிலர் கூடாதுங்கறாங்க. அவர் கணக்கிலேர்ந்து அந்த ஒரு வார்த்தை வந்துட்டா பிரச்சினையே இல்ல."

அவள் இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தாள். இவர்கள் கெட்டவர்கள் இல்லை. கெட்டவர்களாக இருந்தால் நாலு வார்த்தை சொல்லித் துரத்திவிடலாம். பஸ் பிடித்து, வெயிலில் வந்து, முன்பின் பார்க்காத பிணத்தின் பக்கத்தில் உட்கார்ந்து, ஒரு வலைப்பக்கத்தில் சிவப்பு நிறத்தை அழிக்க வழி கேட்கிறார்கள். மனிதன் போனதைவிடக் கேள்வி நிற்பது இவர்களுக்குப் பெரிதாகத் தெரிகிறது. இப்படி ஒரு டஜன் பேருக்கு நடுவில்தான் அவருடைய வாழ்க்கை நடந்திருக்கிறது. வீட்டுக்குச் சாப்பிடத்தான் வந்துபோனார்.

"என்ன கேள்வி அது?" என்றாள், கேட்க வேண்டுமே என்று.

துணைக்கால் சட்டைப் பையிலிருந்து மடித்த காகிதம் ஒன்றை எடுத்தார். அச்சடித்தே கொண்டுவந்திருந்தார். கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு வாசித்தார்.

"'மருந்துக்கடையில் மாத்திரை உறைமேல் ஒட்டுகிற சீட்டில் தமிழ் வரவில்லை. கட்டம் கட்டமாக வருகிறது. கையால் எழுதிக் கொடுத்ததை ஒரு பெரியவர் தப்பாகப் படித்து இரண்டு வேளை மாத்திரையை ஒரே வேளையில் போட்டுக்கொண்டார். என்ன செய்வது?' கேட்டது யாரோ."

"யாரோவா?"

"பேரே அதுதாம்மா. 'யாரோ'ன்னு வச்சிருக்கு அந்த ஆள்."

அவள் தேநீர் டம்ளரைக் கீழே வைத்தாள். அந்த ஆள் அவள்தான்.

பதினைந்து நாளைக்கு முன்னால் காலைச் சாப்பாட்டின்போது இதை அவரிடம் நேரிலேயே கேட்டிருந்தாள். அந்தப் பெரியவர் பிழைத்துக்கொண்டார், ஆனால் அவள் கையெழுத்து இருந்த உறையை அவருடைய மகன் கடை மேசைமேல் விசிறி அடித்துவிட்டுப் போயிருந்தான். அன்று இரவு அவள் தூங்கவில்லை. காலையில் விஷயத்தைச் சொல்லி, "அந்த மெஷின்ல தமிழ் வர ஏதாவது பண்ணிக் குடுங்க" என்றாள்.

"தேடிப் பாத்தியா?" என்றார். அப்புறம், "அங்க போடேன். வீட்டுக்குள்ள சொல்ற பதில் வீட்டுக்குள்ளயே செத்துடும். அங்க போட்டா நாளைக்கு இன்னொரு மருந்துக்கடைக்காரனுக்கு உதவும்" என்றார். கண் திரையை விட்டு நகரவில்லை.

அவள் பாதித் தட்டோடு எழுந்துவிட்டாள். கடைக்குப் போனதும் அங்கிருந்த கணினியில் 'யாரோ' என்று பெயர் கொடுத்து, கோபத்தோடு அதை எழுதிப் போட்டாள். பத்தே நிமிடத்தில் பதில் வந்தது. 'என் கையில். ஒற்றைக்கொம்பு. அன்பரே, கவலை வேண்டாம். அச்சுப்பொறியின் பெயரும் எண்ணும் என்ன? எந்த எழுத்துரு?' இருபத்தாறு வருடம் காத்திருந்த பெண்டாட்டிக்குக் கிடைக்காதது யாரோவுக்குப் பத்து நிமிடத்தில் கிடைத்தது. அவள் பதில் போடவில்லை. இரண்டு நாள் கழித்து மறுபடியும் எழுதினார். 'அன்பரே, பொறியின் அடியில் ஒரு சீட்டு ஒட்டியிருக்கும். திருப்பிப் பார்த்தால் எண் தெரியும்.' அந்தப் பொறியைக் கடைக்கு வாங்கின அன்று மேசைமேல் தூக்கி வைத்ததே அவர்தான். இடுப்புப் பிடித்துக்கொண்டது என்று ஒரு வாரம் முனகினார். அதற்கும் அவள் பதில் போடவில்லை. அதற்குப் பிறகு அந்தப் பக்கத்தைத் திறக்கவும் இல்லை.

வீட்டில் அவர், "அந்த மருந்துக்கடைக்காரர் பதிலே போடலையே" என்று தனக்குள் சொல்லிக்கொள்வார். அவள் குழம்பை ஊற்றிக்கொண்டே, "பாவம், என்ன அவசரமோ" என்பாள். அந்தப் பத்து நாளும் அவளுக்கு மனதுக்குள் அப்படி ஒரு சந்தோஷம். நன்றாகக் காத்துக் கிடக்கட்டும் என்றிருந்தது.

"இதுல ஒரு விசித்திரம் பாருங்க" என்று துணைக்கால் தொடர்ந்தார். "ரெண்டு தடவை கேட்டும் அந்த ஆள் வாயே திறக்கல. மூணாவதா இவர் எழுதியிருக்காரு, விழறதுக்கு முந்தின நாள். இதுல மட்டும் 'அன்பரே' கிடையாது. 'அவசரம் இல்லை. நாளை நானே கடைக்கு வந்து பார்த்துவிடுகிறேன். இரண்டு மணிக்கு அங்கே கூட்டம் இருக்காது.' எந்தக் கடைன்னு கேள்வியில இல்ல. எந்த ஊருன்னும் இல்ல. நேர்ல போறது விதிப்படி கூடவும் கூடாது. ரெண்டு மணிக்குக் கூட்டம் இருக்காதுன்னு இவருக்கு எப்படித் தெரியும்னு நாங்க எல்லாரும் மண்டையை உடைச்சுக்கிட்டோம்."

அவள் கையை நீட்டினாள். அவர் காகிதத்தைக் கொடுத்தார். கண்ணாடியைத் தேடிப் போட்டுக்கொண்டு படித்தாள். இரண்டாவது தடவையும் படித்தாள்.

அவருக்குத் தெரிந்திருக்கிறது. முதல் நாளே தெரிந்திருக்க வேண்டும். பொறி எது என்று தெரிந்துகொண்டே பெயர் என்ன, எண் என்ன என்று கேட்டிருக்கிறார், நாளைக்கு வருகிற இன்னொரு மருந்துக்கடைக்காரனுக்காக. அவள் பதில் போடாமல் வேடிக்கை பார்ப்பதும் தெரிந்து, அவள் முன்னாலேயே உட்கார்ந்து, 'அந்த மருந்துக்கடைக்காரர்' என்று முனகியிருக்கிறார். எதிரில் நின்று குழம்பு ஊற்றுகிறவளிடம், நாளை வருகிறேன் என்று வாயைத் திறந்து சொல்ல வரவில்லை. அதையும் அங்கேதான் போட்டிருக்கிறார், அவள் திறந்தே பார்க்காத இடத்தில். இப்படியும் ஒரு மனிதன் இருப்பானா என்று ஆத்திரமாக வந்தது. கட்டிலைத் திரும்பிப் பார்த்தாள். இஸ்திரி போட்ட சட்டையோடு, ஸ்க்ரூடிரைவரோடு, அவள் கடைக்கு வரத்தான் வெயிலில் பஸ்ஸுக்கு நின்றிருக்கிறார்.

"அவர் கணக்கைத் திறக்க முடியுமாம்மா?" என்றார் துணைக்கால்.

திறக்க முடியும். கடவுச்சொல்லை எங்கும் எழுதி வைக்காதீர்கள் என்று ஊருக்கெல்லாம் உபதேசம் செய்தவர், தன்னுடையதை லேப்டாப்பின் அடியில் எழுதி ஒட்டியிருந்தார்.

"வேற வழி எதுவும் இல்லையா?" என்றாள்.

"கேட்டவர் வந்து 'தீர்ந்தது'ன்னு போட்டா அதுவும் போதும். ஆனா அந்த யாரோ எங்க வரப்போறாரு? கேக்கத் தெரியுது, கேட்டதுக்கு ஒரு வார்த்தை பதில் சொல்லத் தெரியல. பொறுப்பில்லாத ஜனங்கம்மா."

"ஆமா" என்றாள் அவள். "பொறுப்பில்லாத ஜனங்க."

காகிதத்தை மடித்தாள். ஆனால் திருப்பிக் கொடுக்கவில்லை.

"கைவிட்டேன்னு நான் எழுத மாட்டேன். அது அவர் கையிலயே இருக்கட்டும்."

துணைக்கால் ஆய்தத்தைப் பார்த்தார். "எவ்வளவு நாளைக்கும்மா? முதல் பக்கத்துல சிவப்பா..."

"சிவப்பா இருந்தா யாருக்கு என்ன வலிக்குது? உங்க விதிதானே. அவர் எழுதினதுதானே. இருந்துட்டுப் போகட்டும்."

இரண்டு பேரும் வண்டி வரும்வரை இருந்தார்கள். கட்டிலிலிருந்து அவரைத் தூக்கும்போது துணைக்கால் ஊன்றுகோலை மகளிடம் கொடுத்துவிட்டு ஒரு கை பிடித்தார். பிடித்ததில் யாருக்கும் உபயோகம் இல்லை, இடைஞ்சல்தான், ஆனாலும் பிடித்தார்.

சுடுகாட்டில் முன்னால் இன்னொரு குடும்பம் இருந்தது. எண் எழுதின சீட்டு ஒன்றைக் கொடுத்து உட்காரச் சொன்னார்கள். கொழுந்தன் வெளியே போய் யாருக்கோ போன் செய்து, அண்ணன் கடைசிவரைக்கும் தன்னைத்தான் கேட்டுக்கொண்டே இருந்தார் என்று சொல்லிக்கொண்டிருந்தான். அவனுக்கு வேண்டியதை அவனே செய்துகொண்டுவிட்டான்.

சிமெண்ட் பெஞ்சில் மகள் அவள் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"நிஜமாவே ஒண்ணும் சொல்லலையாம்மா?"

"என்னைக் காட்டினாரு" என்றாள் அவள். "அப்புறம் விரலை இப்படி ஆட்டினாரு." மடிமேல் விரல்களைத் தட்டிக் காட்டினாள்.

"லேப்டாப் கேட்டாரா?"

"அப்படித்தான் நினைச்சேன்."

"குடுத்தியா?"

"இல்ல."

அவள் தன் விரல்களைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அவர் கையைத் தூக்கினது எந்த அன்பருக்காகவும் இல்லை. நீதானே தட்டினாய் என்று கேட்டாரா, வர முடியவில்லை என்றாரா, போய்ப் பதிலைப் போடு என்றாரா? கேட்டுத் தெளிந்துகொள்ள ஆள் இல்லை. உள்ளேயிருந்து அவர்களுடைய எண்ணைக் கூப்பிட்டார்கள்.

நாலாம் நாள் கடைக்குப் போனாள். முதலாளி, "பத்து நாள் இருந்துட்டு வரலாமே" என்றார். "வீட்ல உக்காந்து என்ன பண்றது?" என்று வெள்ளை அங்கியை மாட்டிக்கொண்டாள். காலைக் கூட்டம் முடிந்தது. மதியம் முதலாளி சாப்பிடப் போனார். இரண்டு மணிக்குக் கடையில் ஒரு ஈ காக்கைகூட இல்லை.

அவள் அச்சுப்பொறியின் ஒயர்களைப் பிடுங்கி, இரண்டு கையாலும் தூக்கித் தலைகீழாகத் திருப்பி வைத்தாள். எதிர்பார்த்ததைவிடக் கனமாக இருந்தது. அடியில் தூசியோடு ஒரு சீட்டு. கட்டைவிரலால் துடைத்து, பெயரையும் பதினொரு இலக்க எண்ணையும் ஒரு மாத்திரை உறையின் பின்னால் எழுதிக்கொண்டாள். கணினியில் அந்தப் பக்கத்தைத் திறந்தாள். முதல் வரிசையில் சிவப்பாக நின்றது. 'யாரோ' என்று உள்ளே போனாள்.

பொறியின் பெயரை அடித்தாள். எண்ணை அடித்தாள். எந்த எழுத்துரு என்று கேட்டிருந்தாரே, அதைத் தேடிப் பார்த்து அதையும் அடித்தாள். கட்டம் கட்டமாக வந்த சீட்டு ஒன்றை மேசைமேல் நீவி வைத்துப் படம் பிடித்து, அது ஏறும்வரை காத்திருந்து சேர்த்தாள். அவர் கேட்டதில் ஒன்றையும் விடவில்லை. 'தீர்ந்தது' என்று ஒரு பொத்தான் இருந்தது. அதைத் தொடாமல் 'அனுப்பு' என்பதை அழுத்தினாள்.

அவருடைய மூன்று குறிப்புகளுக்கும் அடியில் அவள் பதில் போய் நின்றது. அதற்குக் கீழே வெள்ளையாக இடம் இருந்தது.

ஒரு பெண் குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு மருந்துச்சீட்டை நீட்டினாள். அவள் மாத்திரையை எடுத்து வைத்து, உறைமேல் 'காலை ஒன்று, இரவு ஒன்று' என்று ஒவ்வொரு எழுத்தாகப் பெரிதாக எழுதினாள்.

"வேற ஏதாவது வேணுமா?" என்றாள், கண்ணைத் திரையிலிருந்து எடுக்காமல்.